டிரம் எழும்பிடுச்சு!

ஸ்கூட்டரின் முன்னால் சாணி மூட்டையை வைத்துக்கொண்டு கேம்ப் ரோடு சிக்னலில் நின்றபோதுதான் மெஹ்னாஸுக்குச் சிரிப்பு வந்தது. பக்கத்து பைக்கில் இருந்தவர் மூக்கைப் பொத்திக்கொண்டு பச்சை விழுவதற்காகத் தவித்துக்கொண்டிருந்தார். கொஞ்ச நேரத்துக்கு முன் மாட்டுக் கொட்டகைக்காரரும் அவளை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "இன்னாம்மா, சாணிக்கா இந்த வெயில்ல வந்துகினு கீறே?" என்றுதான் கேட்டிருந்தார்.

சேலையூரில் அவள் குடியிருக்கும் அடுக்குமாடியின் பின்பக்கம், சமையலறைக் கழிவிலிருந்து எரிவாயு எடுக்கும் தொட்டி ஒன்று புதிதாக வந்திருந்தது. குடியிருப்போர் சங்கச் செயலாளரான மெஹ்னாஸ் ஒற்றைக்காலில் நின்று வரவழைத்த தொட்டி. தெருமுனையில் குப்பை நிரம்பி வழிந்து, நாய்கள் இழுத்துப்போட்டு, மழை வந்தால் மிதந்து வாசலுக்கே திரும்பி வருவதைப் பார்த்துப் பார்த்து அலுத்துப்போனவள் அவள். மீட்டிங்கில் எல்லோரும் கை தூக்கினார்கள், மூன்றாவது மாடி பத்ரிநாராயணனைத் தவிர. "நாறும்மா. கொசு வரும். எனக்கு இதுல சம்மதமில்ல" என்றுவிட்டார், வங்கி மேனேஜராக இருந்து ஓய்வு பெற்ற அந்தப் பெரியவர்.

சாணியைக் கரைத்து ஊற்றினால்தான் உள்ளே கிருமிகள் பெருகி வேலையைத் தொடங்கும். ஊற்றியாகிவிட்டது. பிறகு தினமும் காய்த்தோலும் மீந்த சோறும் கூழாகி உள்ளே போயின. வாயு சேரச் சேர, தொட்டிமேல் கவிழ்த்த பெரிய டிரம் மேலே எழும்ப வேண்டும். அது அசையவே இல்லை. ஆபீஸ் மீட்டிங்கில்கூட மெஹ்னாஸுக்கு டிரம் ஞாபகம்தான்.

ஒரு சனிக்கிழமை காலை அவள் பல் தேய்த்துக்கொண்டிருந்தபோது கீழேயிருந்து ஒரே கூச்சல். எட்டிப் பார்த்தாள். கத்திக்கொண்டிருந்தவர் பத்ரிநாராயணன்!

"மெஹ்னாஸ்! டிரம் எழும்பிடுச்சும்மா! ஓடி வா!"

வாக்கிங் போகும் சாக்கில் மனிதர் தினமும் அதை நோட்டம் விட்டுக்கொண்டிருந்திருக்கிறார். வாயில் நுரையோடு அவள் படியிறங்கி ஓடினாள். எல்லா வீட்டுக் கதவும் திறந்தன. யாரோ அடுப்பைத் தூக்கி வந்து குழாயை மாட்டினார்கள். மெஹ்னாஸ் லைட்டரைத் தட்டினாள். புஸ்ஸென்று சத்தம் மட்டும் வந்தது. மறுபடி தட்டினாள். ம்ஹூம்.

அவளுக்கு முகம் சுண்டிவிட்டது.

கல்லூரியில் வேதியியல் நடத்தும் ஸ்ரீவித்யா முன்னால் வந்தாள். "முதல்ல சேர்றது பெரும்பாலும் கார்பன் டை ஆக்ஸைடுதான்க்கா, எரியாது. இதை வெளிய விட்டுடுவோம். அடுத்து நிரம்புறது எரியும்."

வால்வைத் திறந்தார்கள். அத்தனை நாள் காத்திருந்து எழும்பிய டிரம் மெஹ்னாஸின் கண்ணெதிரே தாழ்ந்துகொண்டே போனது.

ஆனால் இந்த முறை டிரம் அவளைக் காக்க வைக்கவில்லை. விறுவிறுவென்று ஏறியது. "இன்னைக்கு இன்னும் கொஞ்சம் மேல வந்திருக்கு!" என்று வாட்ஸப் குழுவில் ஆளாளுக்குப் படம் போட்டார்கள். பிளாஸ்டிக் கவரோடு குப்பையை எறிந்துகொண்டிருந்த வீடுகளிலிருந்துகூட, தோலைத் தனியாக நறுக்கிக் கிண்ணத்தில் எடுத்து வந்தார்கள்.

அடுத்த வாரம் ஞாயிறு மாலை மறுபடியும் கூட்டம். மெஹ்னாஸ் அடுப்பின் முன் குனிந்தாள். மனசுக்குள் பிஸ்மில்லா சொல்லி லைட்டரைத் தட்டினாள்.

பப்பென்று பிடித்துக்கொண்டது! வெளிறிய நீலத்தில், வட்டமாக, அடங்காமல் எரிந்தது.

ஒரே ஆரவாரம். ஸ்ரீவித்யா அவளைக் கட்டிப்பிடித்துக் குதித்தாள். பத்ரிநாராயணன் உள்ளங்கையைக் கிட்டே காட்டி, "சூடும்மா! நல்ல சூடு!" என்று குழந்தை மாதிரி சொல்லிக்கொண்டே இருந்தார். மெஹ்னாஸின் மாமியார் நூர் பீவி எவரையும் கேட்காமல் பெரிய பாத்திரத்தில் பாலை ஊற்றி அடுப்பில் ஏற்றினார். இஞ்சி தட்டிப் போட்டதும் வாசனை மாடி வரைக்கும் போனது.

மெஹ்னாஸ் போனை எடுத்தாள். பல்லாவரத்தில் செருப்புக்கடை வைத்திருக்கும் கணவன் அஃப்தாப் எடுத்ததுமே கத்தினாள்.

"ஏங்க, கடையைச் சாத்திட்டு உடனே வாங்க! டீ கொதிக்குது. நாம தூக்கிப்போட்ட வெண்டைக்காய்க் காம்புல கொதிக்குதுங்க!"