மூச்சிருக்கையிலே ஏற்றும் வேன்

“எங்க நைனாவுக்கு நம்ம காலனி சுடுகாட்டுலயே ஒரு குழி வேணும்.”

தெலுங்கில்தான் கேட்டாள் கன்னிகா. திருப்பதியில் பிறந்து, திருப்பதியிலேயே படித்து, அவள் வீட்டில் முதல் ஆளாக டிகிரி வாங்கியவளுக்குத் தெலுங்கு நாக்கில் தானாக வரும். பஜனை மந்திரம் என்கிற காலனிப் பஜனைக் கூடத்தில் உட்கார்ந்து சாக்கடை அடைப்பைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தவர்கள் வாயை மூடிக்கொண்டார்கள். காலனி சங்கத் தலைவர் நாகபூஷணம் கண்ணாடியைக் கழற்றித் துண்டால் துடைத்தபடி, அவள் அப்பா மேஸ்திரி எப்போது தவறிப்போனார், ஒரு வார்த்தை சொல்லி அனுப்பவில்லையே என்று வருத்தமாகக் கேட்டார்.

“இன்னும் போகல சார். வீட்லதான் இருக்காரு.”

யாரோ ‘ராமா ராமா’ என்றார்கள். உயிரோடு இருக்கிற மனுஷனுக்குக் குழி கேட்கிற பெண்ணை அந்த மந்திரம் அதுவரை பார்த்ததில்லை. வாசற்படிக்கு வெளியே, செருப்புக் குவியலுக்குப் பக்கத்தில் தமிழ் ஆட்களோடு நின்றிருந்த தணிகைவேல் தலையில் கையை வைத்துக்கொண்டார். எதை வேண்டுமானாலும் கேள், இதை மட்டும் கேட்காதே என்று அவளுக்கு விவரம் தெரிந்த நாள் முதலாகச் சொல்லிவந்தவர் அவர்தான்.

ஏன் கேட்கக்கூடாது என்பது செருவுகட்ட காலனியின் தமிழ்க் குடும்பங்களுக்கெல்லாம் தெரியும். வடமாலபேட்டை போகிற ரோட்டில், ஏரிக்கரைப் புறம்போக்கில், பள்ளிப்பட்டுப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்தவர்கள் குடிசை போட்டபோது ஊர்க்காரர்கள் ஒன்றும் அடித்து விரட்டவில்லை. தண்ணீர் கொடுத்தார்கள், வேலையும் கொடுத்தார்கள். மலிவாக ஆள் கிடைத்தால் யார் வேண்டாம் என்பார்கள்? ஒன்றே ஒன்றுதான் சொன்னார்கள். இருக்கலாம், புதைக்கக் கூடாது. மண்ணில் ஒரு பிணம் இறங்கிவிட்டால் வருஷா வருஷம் படையல் போட வருவான். பிள்ளை வருவான், பேரன் வருவான், இது எங்கள் அப்பன் படுத்த மண் என்பான். குடிசையைப் பிரித்துப் போடலாம், சமாதியைப் பிரிக்க முடியுமா? தணிகைவேல் அன்றைக்கு வாலிபர். எல்லோருக்குமாகச் சேர்த்துச் சூடம் அணைத்துச் சத்தியம் செய்துகொடுத்தார்.

சத்தியத்தைக் காப்பாற்ற அவர் கண்டுபிடித்த வழிதான் வேன். செத்த பிறகு கொண்டுபோனால் ஸ்டேட் எல்லையில் போலீஸ் மறிக்கும், ஆஸ்பத்திரிக் காகிதம் கேட்கும் என்று அவருக்குப் பயம். அதனால் மூச்சிருக்கையிலேயே ஏற்றிவிடுவது. கண் சொருகுகிறது, கால் சில்லிடுகிறது என்று சொன்னால் போதும், தணிகைவேல் வந்து நாடி பிடித்துப் பார்ப்பார், வெளியே போய் போன் போடுவார். போகப்போக அதுவே சடங்காகிவிட்டது. ஏறப்போகிறவருக்கு உடம்பு துடைத்துப் புதுத்துணி போடுவார்கள். தெருவே நின்று வழியனுப்பும். ஊருக்குப் போய்க்கினு இருக்காங்க என்பார்கள். செத்துப்போனார் என்ற சொல்லைத் தெலுங்குக்காரர்கள் காதுபட எந்தத் தமிழ் வாயும் சொன்னதில்லை.

இதில் அவர்களுக்கு ஒரு பெருமை வேறு. எங்களுக்கென்று ஊர் இருக்கிறது, நாங்கள் நாதியத்தவர்கள் இல்லை என்ற பெருமை. அதைத்தான் கன்னிகாவால் தாங்க முடியவில்லை. இத்தனை வருஷத்தில் ஒரு ஜனம் மொத்தமும் ஓர் ஊரில் சாகவே இல்லை என்றால், அங்கே அவர்கள் வாழ்ந்தார்கள் என்று யார் சொல்வார்கள்?

அவள் அம்மாவையும் அப்படித்தான் ஏற்றினார்கள். கன்னிகா அப்போது ஹைஸ்கூல். நாராயணவனம் பிரிகிற இடம் வருவதற்குள் அம்மா போய்விட்டாள். அவள் அப்பா மாசிலாமணி மேஸ்திரி வண்டியை நிறுத்தச் சொல்லவில்லை. மனைவியை நிமிர்த்தி உட்காரவைத்து, முந்தானையை முக்காடாக இழுத்துவிட்டு, தூங்குகிற மாதிரி தன் தோளில் சாய்த்துக்கொண்டார். கன்னிகா எதிர் சீட்டில் உட்கார்ந்து அந்த முக்காட்டையே பார்த்துக்கொண்டு வந்தாள். நகரி தாண்டி எல்லையில் ஒருத்தரும் வேனை நிறுத்தவில்லை. ஊரில் வாய்க்கால் ஓரமாக ஒரு மூலையைக் காட்டினார்கள். மண் தள்ளும்போது யாரோ ஒரு பெரியவர், “இவுங்கோ யாரு, ஆந்திராக்காரங்களா?” என்று பக்கத்து ஆளிடம் கேட்டது அவள் காதில் விழுந்தது. அங்கே போனால் ஆந்திராக்காரர்கள். இங்கே வந்தால் அரவவாள்ளு, தமிழ்க்காரன் என்பதற்குத் தெலுங்கில் இருக்கிற சொல், சொல்கிறவன் முகத்தைப் பொறுத்து அது பேராகவும் இருக்கும், வசவாகவும் இருக்கும்.

இப்போது நைனாவின் முறை. காலமெல்லாம் சுவாசித்த சிமெண்டும் தூசியும் நெஞ்சில் கட்டிக்கொண்டன. இனி வீட்டுக்குக் கொண்டுபோங்கள் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். கன்னிகா தான் வேலை பார்க்கும் ஸ்ரீசிட்டி கம்பெனிக்கு லீவு சொல்லிவிட்டுப் பக்கத்திலேயே இருந்தாள். மேஸ்திரி அதிகம் பேசுகிற ஆளே இல்லை. ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பும்போது ஆட்டோவில் அவள் கையைப் பிடித்துக்கொண்டு ஒன்றுதான் சொன்னார்.

“என்ன வேன்ல ஏத்தாத கன்னீ. உங்கம்மா தல என் தோள்ல இன்னும் கனத்துக்கினே கீது.”

மறுநாளே அவள் வார்டு ஆபீசான சச்சிவாலயத்துக்குப் போனாள். அங்கே இருந்த பெண்ணுக்கு அவள் வயசுதான் இருக்கும். சுடுகாடு கவர்மெண்ட் இடம், யாரை வேண்டுமானாலும் புதைக்கலாம், தடுக்க எந்த ரூலும் இல்லை என்றாள். சொல்லிவிட்டுக் குரலைத் தாழ்த்தி, எதற்கும் காலனிப் பெரியவர்கள் காதில் ஒரு வார்த்தை போட்டுவிடுங்கள், பின்னால் தகராறு வேண்டாம் என்றும் சொன்னாள். ரூல் ஒரு பக்கம், பெரியவர்கள் ஒரு பக்கம். அந்த ஒரு வார்த்தையைப் போடத்தான் இன்றைக்குச் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, ஆம்பிளைகள் உட்கார்ந்திருக்கிற பாயின் விளிம்பில் நிற்கிறாள்.

நாகபூஷணம் கெட்டவர் என்று சொல்ல முடியாது. ஆர்.டி.சி. பஸ்ஸில் வேலை பார்த்து ரிட்டையர் ஆனவர். அவள் காலேஜ் சேர்ந்தபோது கையெழுத்துக்கும் சிபாரிசுக்கும் கூடவே அலைந்தவர். இப்போதும் கோபப்படவில்லை. மாசிலாமணி எங்கள் மனுஷன், இந்த மந்திரத்துக்கு மேல்தளம் போட்டதே அவர் கைதான் என்று கூரையைக் காட்டினார். இன்றைக்கு ஒருத்தருக்குக் கொடுத்தால் நாளைக்கு எல்லோரும் வந்து நிற்பார்கள், ஏற்கெனவே பேசி முடித்த விஷயம் இது என்று பொறுமையாக எடுத்துச் சொன்னார். கடைசியில் அவளுக்கு மனசில் படவேண்டும் என்று தமிழிலேயே சொன்னார்.

“உன் நல்லதுக்குதாம்மா சொல்றது. எவுரி ஊரு வாள்ளதி. அவங்கவங்க ஊரு அவங்கவங்களுக்கு.”

“எது சார் எங்க ஊரு? எலெக்‌ஷன் அன்னிக்கு வாசல்ல ஆட்டோ நிறுத்தி ஏத்தினு போறீங்களே, அப்ப ஒருத்தராவது எந்த ஊருன்னு கேட்டீங்களா?”

படிச்சுது இல்ல, பேசும் என்று பாயிலிருந்து ஒரு குரல் வந்தது. இரண்டு பேர் சிரித்தார்கள். நாகபூஷணம் சிரிக்கவில்லை. அவளோடு பேசி முடித்துவிட்டவர்போல வாசலைப் பார்த்துத் திரும்பினார்.

“ஏம்ப்பா தணிகைவேலு, நீ குடுத்த மாட்ட, அந்த வாக்கு, என்ன ஆச்சு?”

தணிகைவேல் படிவரைக்கும் வந்தார். உள்ளே காலை வைக்கவில்லை. அங்கேயே நின்று இரண்டு கையையும் கூப்பினார். சின்னப் பொண்ணு, அப்பன் கிடக்கிற கிடப்பைப் பார்த்து புத்தி கலங்கிப் பேசுகிறது, மனசில் வைத்துக்கொள்ள வேண்டாம், கொடுத்த வாக்கு கொடுத்ததுதான், எல்லாம் தானே பார்த்துக்கொள்வதாகத் தெலுங்கில் சொன்னார். நரைத்த தலையைக் குனிந்துகொண்டு சொன்னார். கிடையாது என்று அவர்கள் சொன்னபோதுகூடக் கன்னிகாவுக்கு அத்தனை எரியவில்லை. இந்தக் கும்பிடுதான் எரித்தது.

வெளியே வந்தாள். “நீங்க ஏன் பெரியப்பா மன்னாப்பு கேக்கறீங்க? நான் இன்னா திருடினேன்?”

அவர் அவள் முழங்கையைப் பிடித்துச் சுவரோரம் இழுத்துக்கொண்டு போனார். அவருக்கு மூச்சு வாங்கியது.

“தோ பாரு. நம்ம வூடு ஒண்ணுத்துக்கும் பட்டா இல்ல. இந்த வருசம்தான் சர்வே பண்ணி குடுக்கறேன்னு கவர்மெண்ட்ல வாயத் தொறந்துகினு கீறாங்க. இந்த நேரத்துல நீ போய் இவுங்கள பகைச்சிக்கினா, அத்தினி வூடும் தெருவுல நிக்கும். உங்கப்பன் ஒருத்தனுக்காவ அத்தினி பேரும் நிக்கணுமா?”

அவர் சொன்னது பொய் இல்லை. அந்த வீடுகள் ஒவ்வொன்றிலும் அவள் சோறு தின்றிருக்கிறாள். பரீட்சைக்குப் படிக்க லைட் இல்லாத நாட்களில் இந்த மனுஷன் வீட்டில்தான் உட்கார்ந்து படித்தாள்.

“பட்டா கைக்கு வரட்டும். அப்பறம் கேளு, நானே வந்து நிக்கறேன்.”

“அது வர்ற வரிக்கும் நைனா சாவாம இருக்கணுமா பெரியப்பா?”

தணிகைவேல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அந்தச் சமயத்தில் அவருடைய போன் அடித்தது. வேன்காரர். கேட்கக் கேட்க அவர் புருவம் ஏறியது. யார் சொன்னது, யார் சொன்னது என்று கேட்டுவிட்டு, பதில் வருவதற்குள் கன்னிகாவைப் பார்த்தார்.

“வண்டிய யாரு திருப்பி அனுப்பனது?”

“நான்தான். விடிஞ்சதும் வந்து நின்னாரு. நைனா அந்த ஹாரன் சத்தத்துக்கே நடுங்கிப் பூட்டாரு. இந்தப் பக்கமே வராதீங்கன்னு சொல்லி அனுப்பிட்டேன்.”

“அப்ப முடிவு பண்ணிட்டுதான் உள்ள பூந்து கேட்டியா?”

“கேக்காம செஞ்சா திருட்டுத்தனம்னு சொல்வீங்க. அதான் கேட்டுட்டேன்.”

பேச்சு உள்ளே கேட்டிருக்க வேண்டும். நாகபூஷணம் வாசலுக்கு வந்து நின்றார். சுடுகாட்டுக் கேட்டுக்குப் பூட்டுப் போடச் சொல்ல வேண்டியிருக்கும், பிறகு என்னைக் குறை சொல்லாதே என்று தாழ்ந்த குரலில் சொன்னார். நூறு நம்பருக்கு போன் போட்டுப் போலீஸை வைத்துத் திறப்பேன் என்று அவள் அதே தாழ்ந்த குரலில் தெலுங்கில் சொன்னாள். சொன்னபோதே போலீஸ் வந்தாலும் இவர் முகத்தைத்தான் முதலில் பார்க்கும் என்பது அவளுக்குத் தெரியும்.

தணிகைவேல் கண் கலங்கியிருந்தது. அவரும் மாசிலாமணியும் ஒரே பஸ்ஸில் வந்து இறங்கியவர்கள், ஒரே சாரத்தில் நின்று பூசியவர்கள்.

“யாரு தூக்குவா கன்னிகா? நம்ம ஆளு ஒருத்தன் வரமாட்டான். நான் வரவிட மாட்டேன். தெரிஞ்சிக்கோ.”

மிரட்டல் இல்லை அது. சொன்னால் செய்கிறவர் அவர். நாளையோ மறுநாளோ, அந்த வீட்டுக்குள் அவளும் நைனாவும் மட்டும் இருக்கிற நேரம் ஒன்று வரப்போகிறது. தெருவில் எல்லாக் கதவும் சாத்தியிருக்கும். அவளுக்குத் தெரிந்துதான் இருந்தது.

“வராதீங்க,” என்றாள். பிறகு நாகபூஷணத்தைப் பார்த்தாள். “எப்பன்னு சொல்லி அனுப்பறேன் சார்.”

செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டாள். படியடியில் நின்றிருந்த தமிழ் ஆட்கள் ஒதுங்கி வழி விட்டார்கள். அது மரியாதை இல்லை. தீட்டுக்காரி மேலே பட்டுவிடக்கூடாது என்று ஒதுங்குகிற ஒதுக்கம். இடையில் விழுந்த அந்த இடம் தாராளமாகவே இருந்தது. கன்னிகா அதன் வழியாக இறங்கிப் போனாள்.