சிறந்த நடிகை மோகனப்ரியா

திருப்பதியில் இரண்டு வருஷத்துக்கு முன் நடந்த குறும்பட விழாவில் சிறந்த நடிகைக்கான கேடயம், இறந்து பதினான்கு மாதமான மோகனப்ரியாவுக்குக் கிடைத்தது. மேடையேறி அதை வாங்கிக்கொண்டவன் அவள் கணவன் கமலக்கண்ணன். கல்யாண வீடியோ எடுக்கிறவன். பரிசு வாங்கிய படமும் அவன் எடுத்ததுதான். அவள் போன பிறகு, நகரியில் அவள் வேலை பார்த்த விசைத்தறிக் கூடத்தில், ஆளில்லாமல் ஓடும் அவளுடைய தறியை மட்டும் ஒன்பது நிமிடம் எடுத்திருந்தான். போட்டுப் பார்த்தால் தறியருகே அவள் நின்று சிரித்துப் பேசிக்கொண்டிருந்தாள். தறிச் சத்தத்தில் குரல் கேட்கவில்லை. நடிப்பு இயல்பாக இருக்கிறது என்று நடுவர்கள் எழுதினார்கள்.

விசைத்தறிக்காரர்கள் குரலை நம்புவதில்லை. அந்த இரைச்சலில் உதடு பார்த்தே பேசிப் பழகியவர்கள். கரண்ட் போய்க் கூடம் அமைதியான பிறகும் மறதியாக வெறும் வாயை அசைத்துக்கொண்டிருப்பார்கள். பஸ்ஸில் டிக்கெட் கேட்பதும் அப்படித்தான்; கண்டக்டர் தெலுங்கில் திட்டுவார். சித்தூர் ஆஸ்பத்திரியில் கடைசி நாள் மோகனப்ரியாவும் அப்படித்தான் எதையோ சொன்னாள். கமலக்கண்ணனுக்குப் புரியவில்லை. புரிந்ததாகத் தலையாட்டினான். நீங்களாக இருந்தாலும் ஆட்டியிருப்பீர்கள். அன்று போட்டிருந்த மஞ்சள் சட்டையைத்தான் அதற்குப் பிறகு எல்லா விசேஷத்துக்கும் போட்டான், கேடயம் வாங்கவும்.

படத்தில் ஆறாவது நிமிடம் அதே உதட்டசைவு வந்தது. நகரிக்குக் கொண்டுபோய்க் கூடத்துச் சுவரில் காட்டினான். அந்த இடம் வந்ததும் எல்லோரும் அவனைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்கள். என்ன சொல்கிறாள் என்று பக்கத்துத் தறி வள்ளியைக் கெஞ்சினான்.

"நான் சொன்னா அது என் பேச்சு தம்பி. அவ பேச்சு வேணும்னா தறிக்கு வா."

போனான். எட்டு மாதம் அவளுடைய தறியையே ஓட்டினான். அறுந்த நூலை முடியக் கற்றான். எதிரே இருந்த உதடுகள் ஒவ்வொன்றாகப் பேசத் தொடங்கின. ஆடி வெள்ளி விடுமுறையில் மறுபடியும் படத்தைப் போட்டார்கள். ஆறாவது நிமிடம் அவள் நேராக அவனைப் பார்த்தாள்.

"இந்த மஞ்ச சட்டைய இனிமே போட்டுக்கினு வராதய்யா. பாக்க சகிக்கல."

கூடத்திலேயே அதிகம் சிரித்தவன் அவன்தான். சிரித்து முடிக்க நேரமாயிற்று. சட்டையைக் கழற்றித் தறி எண்ணெய் துடைக்கக் கொடுத்துவிட்டு, பனியனோடு உட்கார்ந்து, சரி என்று வாயை மட்டும் அசைத்தான். சுவரில் அவள் தலையாட்டினாள்.

அதன்பின் அந்தப் பேச்சு படத்தில் வருவதில்லை. பலமனேர் தக்காளி விலை, வள்ளி மகள் ரேகாவுக்கு வந்த வரன் என்று வேறு பேசுகிறாள். ஒன்பது நிமிடப் படம் இப்போது இருபத்திரண்டு நிமிடம் ஓடுகிறது. நகரியில் அதை யாரும் பெரிதாகப் பேசுவதில்லை. படம் போடுகிற அன்று கொஞ்சம் முன்னதாக வந்து உட்காருகிறார்கள்.