நானூற்றுப் பன்னிரண்டாவது வரி

ஸ்ரீலட்சுமி அடுக்களை மேடையில் லாப்டாப்பைத் திறந்து வைத்து, நின்றபடியே வரிகளைக் கடைசியாக ஒருமுறை சரிபார்த்துக்கொண்டிருந்தாள். கூடத்தில் அப்பாவைக் கிடத்தியிருந்த ஐஸ் பெட்டியின் உறுமல் இங்கே வரை கேட்டது.

"எளா லெட்சுமி, அங்க எங்க அண்ணன் கெடக்காரு. நீ இங்க நின்னு டைப் அடிக்கியா?" டம்ளர் எடுக்க வந்த பொன்னம்மை அத்தை வாசலிலேயே நின்றுவிட்டாள்.

"அஞ்சு நிமிஷம் அத்தை. பத்து மணிக்குள்ள அனுப்பலேன்னா ஆறு பேருக்க வேலை நிக்கும்."

"நல்ல வேலை! எவனோ எங்கயோ பேசுததுக்கு நீ எழுத்துப் போடுத. உங்கப்பா பிளேன் படம் பாத்துக் கெட்டாரு. நீ எழுதிக் கெடுத."

வெளிநாட்டுத் தொடர்களுக்குத் தமிழில் சப்டைட்டில் எழுதுவது ஸ்ரீலட்சுமியின் வேலை. இப்போதைய தொடர் போலந்துக்காரர்கள் எடுத்தது. இரண்டாம் உலகப் போரில் வானில் சண்டையிட்ட ஒரு விமானப் படையின் கதை. வெள்ளிக்கிழமை எல்லாப் பாகமும் ஒன்றாக வெளியாகிறது.

இந்தத் தொடர் கிடைத்தபோது அப்பாவுக்குத்தான் அதிக சந்தோஷம். சிவதாணு விமானப்படையில் பதினைந்து வருஷம் மெக்கானிக்காக இருந்தவர். பிறகு பேங்க் வேலை, ஓய்வு. வலியசாலை வீட்டின் முன்னறை முழுக்கப் போர் விமானப் புத்தகங்கள். பாளையத்தில் பழைய புத்தகக் கடைக்குப் போனால் இரண்டு புத்தகமாவது இல்லாமல் திரும்ப மாட்டார். எந்தப் புத்தகத்தையும் கடைசிப் பக்கத்திலிருந்துதான் திறப்பார். "என்னப்பா, துப்பறியும் கதையா?" என்று அவள் எத்தனையோ முறை கேலி செய்திருக்கிறாள். டிவியில் போர்ப் படம் ஓடினால் பக்கத்தில் யாரும் உட்கார முடியாது. "அந்த வருஷம் இந்த பிளேன் பொறக்கவே இல்லடே" என்று திரையோடு சண்டை போடுவார்.

அவளுக்குத் தெரியாத சொற்களை அவர்தான் சொல்லிக் கொடுத்தார். 'ஸ்க்ராம்பிள்' என்று கத்தும் இடத்தில் அவள் 'கலைந்து ஓடுங்கள்' என்று எழுதியிருந்தாள். அப்பா கண்ணில் நீர் வரச் சிரித்தார். "ஓடிப் போறதில்ல மோளே, ஓடிப் போய் பிளேன்ல ஏறுறது!"

ஆறாம் பாகம் வரை அப்படித்தான் போயிற்று. அதில் திரும்பி வராத விமானியின் அம்மா தளத்துக்கு வந்து காரணம் கேட்கிறாள். ஓர் அதிகாரி பதில் சொல்கிறான். நானூற்றுப் பன்னிரண்டாவது வரி. 'மெக்கானிக் தூங்கிட்டான். விமானம் திரும்பலை.'

அப்பா அந்த வரியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இதை மாத்து. மெக்கானிக் தூங்கலைன்னு போடு."

"அப்பா, அது நேர் எதிர் அர்த்தம்."

"தெரியும்."

"போலந்துக்காரன் எழுதினதை நான் எப்படிப்பா மாத்துவேன்? மெக்கானிக்கை ஒரு வார்த்தை சொன்னா உங்களுக்குப் பொறுக்காதே!" அவள் சிரித்தாள்.

அவர் கண்ணாடியைக் கழற்றி மடித்துக்கொண்டு எழுந்து போனார். கோபித்தார் என்று சொல்ல முடியாது. அதன் பிறகு மூன்று வாரமும் சாப்பிட்டாயா, மழை வருமா என்று பேசிக்கொண்டுதான் இருந்தார். படத்தைப் பற்றி மட்டும் கேட்கவில்லை. ஏழாம் பாகத்தையும் எட்டாம் பாகத்தையும் அவள் தனியாகவே முடித்தாள். நேற்றுச் சாயங்காலம் செருப்பு மாட்டக் குனிந்தவர் நிமிரவில்லை.

இப்போது அந்த வரி திரையில் நின்றது. கை ஒரு கணம் தயங்கியது. இனி மாற்றச் சொல்லிக் கேட்க ஆள் இல்லை என்று ஒரு நினைப்பு வந்தது. அப்படி நினைத்ததற்கே கூசினாள். ஆனாலும் மணி பத்தாகிக்கொண்டிருந்தது. அனுப்பிவிட்டாள்.

அண்ணன் கிருஷ்ணகுமார் மற்ற ஆண்களோடு, அப்பாவைக் குளிப்பாட்டக் குடத்தில் தண்ணீர் எடுத்து வரும் நீர்மாலைச் சடங்குக்குப் போன நேரத்தில் வேதமாணிக்கம் வந்தார். அப்பாவோடு விமானப்படையில் மெக்கானிக்காக இருந்தவர், நெய்யாற்றின்கரைக்காரர். ஐஸ் பெட்டியின் முன்னால் முதுகை நிமிர்த்திக் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு புத்தக அறையில் போய் உட்கார்ந்துகொண்டார். அவள் பால் விடாத கட்டன் காபி கொண்டுபோய்க் கொடுத்தாள்.

"அந்தப் படம் வெள்ளிக்கிழமைதானே மோளே?"

"அப்பா சொன்னாங்களா அங்கிள்?"

"போன ஞாயிறு வந்தப்ப அதே பேச்சுதான். 'ஒரு வரி மாத்தச் சொன்னேன் மாணிக்கம். மொதல்ல சிரிச்சா. ஆனா மாத்துவா, என் மோளை எனக்குத் தெரியும்'னான். ரெண்டு பேரும் சேந்து பாக்கணும்னு சொல்லியிருந்தான்."

"அந்த வரியில அப்படி என்ன அங்கிள்?"

"உங்கிட்டச் சொல்லல்லியா?" கிழவர் டம்ளரைக் கீழே வைத்தார். "எழுபத்தொண்ணு சண்டை. எங்க ரெண்டு பேருக்கும் ஒரே பிளேன். மூணு ராத்திரி கண்ணு மூடல்லே. நாலாம் நாள் விடியக்காலம் எண்ணெய் நெறச்சு, மூடியை முறுக்கி, எல்லாம் சரின்னு கையெழுத்துப் போட்டது இவன். பிளேன் போச்சு. வரல்லே. ஓட்டின பையனுக்கு இருபத்திமூணு வயசு."

"மூடியைச் சரியா முறுக்கலையா?"

"அதாக்கும் காரியம். முறுக்கினது நெனப்பு உண்டு. அது அன்னைக்கா, முந்தின நாளான்னு ஓர்மை இல்லே. ஒறக்கம் இல்லாத மூளை அல்லே? விசாரணை வச்சானுவ. வெடி பட்டு விழுந்திருக்கும்னு எழுதி முடிச்சானுவ. இவனுக்கு அது முடியல்லே."

வேதமாணிக்கம் அலமாரியைக் காட்டினார்.

"இதெல்லாம் பின்ன எதுக்குன்னு நெனச்சே? எந்தப் புஸ்தகம் வந்தாலும் கடைசியில இருக்குத பேருப் பட்டியலைத்தான் பாப்பான். அந்தப் பையன் பேரு உண்டா, விழுந்ததை எவனாவது கண்டு எழுதியிருக்கானான்னு. அம்பது வருஷம். ஒருத்தனும் எழுதல்லே."

கொல்லைப்பக்கம் குடத்தோடு ஆட்கள் வரும் சத்தம் கேட்டது. ஸ்ரீலட்சுமி அடுக்களைக்கு ஓடி ரேஷ்மியைப் போனில் கூப்பிட்டாள். சப்டைட்டில்களைத் தொகுத்து அனுப்புகிறவள் ரேஷ்மிதான்; மலையாளப் பெண்.

"ரேஷ்மி, ஆறாம் எபிசோடு. ஒரே ஒரு வார்த்தை மாத்தணும்."

"அய்யோ சேச்சி, லாக் ஆயி. பத்தேகாலுக்குப் போயில்லே? இனி நம்ம கையில் அல்ல." பிறகு தயங்கி, "தப்பு ஒண்ணும் இல்லல்லோ?"

"இல்ல. தப்பு ஒண்ணும் இல்ல."

பன்னிரண்டு மணிக்குத் தைக்காட்டுச் சுடுகாட்டுக்கு எடுத்தார்கள். பெண்கள் வாசலோடு நின்றார்கள்.

வெள்ளிக்கிழமை, அப்பாவோடு பேசிவைத்திருந்தபடியே வேதமாணிக்கம் வந்தார், இஸ்திரி போட்ட சட்டையில்.

"பதினாறு கழியல்லே, அதுக்குள்ள டிவியா?" என்றாள் அத்தை.

"சத்தம் வைக்காம பாக்கட்டும் அத்தை. அப்பா ஆசப்பட்டதுதானே," என்றான் கிருஷ்ணகுமார்.

"எனக்கு சத்தம் வேண்டாம். காதும் மந்தம்தான், போலந்து பாஷையும் தெரியாது. மோளுக்க எழுத்து போரும்," என்றார் வேதமாணிக்கம். நேரே ஆறாம் பாகத்தையே வைக்கச் சொன்னார். ஒவ்வொரு வரியையும் உதடு அசையப் படித்தார். ஊமைப் படம்போல விமானங்கள் எழும்பின. முணுமுணுத்துக்கொண்டிருந்த அத்தையும் தூணருகே வந்து உட்கார்ந்துவிட்டாள்.

எந்த வரி எந்த நொடியில் வரும் என்று ஸ்ரீலட்சுமிக்குத் தெரியும். முப்பத்தோராவது நிமிஷம். விமானியின் அம்மா கறுப்புக் கோட்டோடு வாயிலைக் கடந்து வந்தாள். வேதமாணிக்கம் முழங்கால் மேல் கைகளை ஊன்றி முன்னால் நகர்ந்தார்.

ஸ்ரீலட்சுமி தேநீர்த் தட்டை எடுத்துக்கொண்டு போய் டிவிக்கு முன்னால் நின்றாள்.

"மறைக்காத லெட்சுமி! அவருக்கு எழுத்து தெரியாண்டாமா?" என்றாள் அத்தை.

"சூடு ஆறிடும் அங்கிள். எடுத்துக்கிடுங்க."

அவர் கழுத்தை வலது பக்கம் சாய்த்தார். அவளும் அந்தப் பக்கம் சாய்ந்தாள். அவர் இடது பக்கம் பார்த்தார். அவள் புடவைத் தலைப்பை இழுத்துவிட்டுக்கொள்வதுபோல அந்தப் பக்கம் நகர்ந்தாள். மனதுக்குள் நொடிகளை எண்ணினாள். ஆறு. ஏழு. எட்டு.

"மோளே, அந்த வரி வந்துதா?"

"வந்து போயாச்சு அங்கிள்."

கிழவர் அவள் முகத்தைப் பார்த்தார். அவள் பின்னால் திரை மாறிக்கொண்டே இருந்தது. தட்டில் இரண்டு டம்ளர்களும் ஒன்றோடொன்று மோதிச் சத்தம் போட்டன. அவர் எழுந்து, ஒரு கையால் தட்டின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் தன் தேநீரை எடுத்தார்.