அண்ணிக்கு வேலை சொல்லாத டிப்போ

போன மனுஷன் மேல் இருக்கிற பாசத்தையெல்லாம் இருக்கிற பெண்சாதி தலையில் கொட்டினால் அவள் பிழைப்புக்கே உலை வைத்துவிடும். இந்தச் சின்ன விஷயம் பஸ் டிப்போவின் டயர் செக்‌ஷனில் ஒருத்தருக்கும் உறைக்கவில்லை.

அவள் கணவர் அங்கேதான் மெக்கானிக். ஒருநாள் வேலை பார்த்துக்கொண்டிருந்தவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார், எழுந்திருக்கவில்லை. கருணை அடிப்படையில் அதே செக்‌ஷனில் அவளுக்கு ஹெல்பர் வேலை கிடைத்தது. அங்கே எல்லாருக்கும் அவர் அண்ணன் என்பதால் இவள் அண்ணி. அண்ணி கையில் எவனாவது ஸ்பேனரைக் கொடுப்பானா?

"நீங்க உக்காருங்கண்ணி" என்று ஃபேனுக்கு நேராக நாற்காலி போட்டார்கள். துடைப்பத்தை எடுத்தால் ஒருவன் பிடுங்கினான். காற்றுக் குழாயைத் தொட்டால் இன்னொருவன் ஓடி வந்தான். கல்யாண வீட்டில் சம்பந்தியம்மாளுக்குக்கூட இவ்வளவு உபசாரம் நடந்திருக்காது.

மேனேஜர் கண்ணில் இது படாமல் இருக்குமா?

"இந்தம்மா வந்ததுலேர்ந்து நாற்காலியத் தவிர வேற எதையும் தேய்ச்சு நான் பாக்கல. மாசக் கடைசிக்குள்ள வேலை கத்துக்கலைன்னா, நிரந்தரம் பண்ணச் சொல்லி நான் எழுத மாட்டேன்."

அவள் மகள் படிப்பு பாதியில் நிற்கிறது. இந்த வேலையும் போனால் அடுப்பு எரியாது. நேரே ஃபோர்மேனிடம் போனாள்.

"வேலை போனா இந்த நாற்காலியவா வீட்டுக்குத் தூக்கிட்டுப் போறது?"

ஃபோர்மேனுக்குக் கண் கலங்கிவிட்டது. "அண்ணன் நின்ன எடத்துல உங்கள கிரீஸ் கையோட பாக்க மனசு வரலையேண்ணி. கவலைப்படாதீங்க, நாங்க இருக்கோம்ல?"

"நீங்க இருக்கறதுதான் எனக்குக் கவலையே!"

சொல்லியும் பயனில்லை. அன்றைக்கு டீக்கு எல்லாரும் கூட்டமாகக் கிளம்பியபோது அவள் மட்டும் தலைவலி என்று பொய் சொல்லி நின்றுகொண்டாள். ஜாக்கி கொடுத்துத் தூக்கிய வண்டி ஒன்று எதிரே நின்றது. கழற்ற வேண்டிய சக்கரம். நட்டில் ஸ்பேனரை மாட்டினாள், அதன் பிடியில் நீளக் குழாயைச் செருகினாள், அதன்மேல் ஏறியே நின்றுவிட்டாள். கிறீச்சென்று முதல் நட்டு இளகியது. அவளுக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி மாளாது. ஒவ்வொன்றாகக் கழற்றி, நெம்பி, சக்கரத்தைத் தனியாகவே வெளியே இழுத்துவிட்டாள்!

நெற்றி வேர்வையைத் துடைக்கக் கையை எடுத்தாள். அவ்வளவுதான். சக்கரம் சரிவில் உருள ஆரம்பித்தது. "ஐயோ, நில்லு! நில்லு!" என்று பின்னால் ஓடினாள். சொன்னால் கேட்கிற ஜாதியா அது? டீ கிளாசோடு வந்த கூட்டத்தை இரண்டாகப் பிரித்துக்கொண்டு போய், மேனேஜரின் ஸ்கூட்டரைச் சாய்த்துவிட்டுத்தான் ஓய்ந்தது.

மேனேஜர் வெளியே பாய்ந்து வந்தார். "யார் பாத்த வேலை இது?"

"நான்தான் சார்" என்றான் ஒருவன். "இல்ல சார், நான்" என்றான் இன்னொருவன். பாவிகள், டீ கிளாஸைக்கூடக் கீழே வைக்கவில்லை.

"பொய் சார்!" அவள் மூச்சு வாங்க முன்னால் வந்தாள். "நான்தான் கழட்டினேன். யாரும் கை வைக்கல. நான் ஒருத்தியே!"

ஃபோர்மேன் உருண்ட சக்கரத்தைப் பார்த்தார். முப்பது வருஷத் தொழில் புத்தி பொங்கிக்கொண்டு வந்தது.

"அறிவிருக்கா உனக்கு? கழட்டின சக்கரத்த சுவத்துல சாய்க்காம எவளாவது கைய எடுப்பாளா? குறுக்க ஆள் நின்னிருந்தா என்னாயிருக்கும்?"

ஃபோர்மேன் நாக்கைக் கடித்துக்கொண்டார். அவளோ திட்டு வாங்கிய முகமாகவே இல்லை, பல்லெல்லாம் தெரிய நின்றாள்.

மேனேஜர் ஸ்கூட்டரைப் பார்த்தார், அவள் கிரீஸ் கைகளைப் பார்த்தார். சிரிப்பை அடக்க அவரால் முடியவில்லை.

"இந்தம்மா வேலை பாக்கறாங்கன்னு எழுதணும்னா இனிமே எனக்கு வேற சாட்சி வேண்டாம். என் ஸ்கூட்டரே போதும்."

ஃபோர்மேனுக்கு உயிர் வந்தது. அவளைப் பார்த்துத் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"இன்னும் என்ன வேடிக்கை? போய் சக்கரத்த எடுத்துட்டு வா."

"இதோ வந்துட்டேண்ணே!" என்று அவள் ஓடினாள். உதவிக்கு ஒருத்தனும் வரவில்லை.