நாற்பத்தொரு துறப்புக் கடிதங்கள்

விடியற்காலை ஐந்து மணிக்கே அடையாற்றங்கரைக் கழிவுநீரேற்று நிலையத்தில் ஆபரேட்டர் சேரன் இரும்பு வாரியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தான். ஊர் கழித்த துணி, தலைமுடி, டயப்பர் எல்லாம் தொட்டியின் கம்பித் தடுப்பில் வந்து அடையும். அதை வாரி மேலே இழுக்காவிட்டால் மோட்டார் நின்றுபோகும், தி. நகரில் யார் வீட்டுக் குளியலறையிலோ சாக்கடை எதிர்த்து ஏறும். நாற்றம் பழகிவிடும் என்பவர்கள் ஒருநாளும் அதில் நின்றவர்கள் அல்ல. சேரனுக்குப் பத்தொன்பது வருடமாகியும் பழகவில்லை.

நான்கு மேற்பார்வையாளர் இடம் காலியானால் மூன்று ஆபரேட்டர்களுக்குப் பதவி உயர்வாகவும், ஒன்று வெளியாட்களுக்கு நேரடி நியமனமாகவும் போக வேண்டும். அது விதி. நீரேற்றுக் கழகமோ இந்த ஆண்டு பன்னிரண்டு இடத்தையும் நேரடி நியமனத்துக்கே விட்டது. தொழிலாளர் சங்கம் உயர் நீதிமன்றம் போனது. அங்கே கழகம் நாற்பத்தொரு கடிதங்களை எடுத்து வைத்தது. பல வருடங்களில் தொழிலாளர்களே பதவி உயர்வு வேண்டாம் என்று எழுதிக்கொடுத்தவை.

எழுதியது உண்மைதான். தினக்கூலியாய் உழைத்த வருடங்கள் கணக்கில் சேராமல், மூப்புப் பட்டியலின் அடியில் கிடப்பவர்கள் அங்கே உண்டு. அப்படி ஒருவர் ஓய்வுபெறும் நேரம் வந்தால், மேலே நிற்பவர்கள் எல்லாரும் ‘குடும்பச் சூழல் காரணமாக இப்போது வேண்டாம்’ என்று எழுதி அவருக்கு வழிவிடுவார்கள். மேற்பார்வையாளர் பென்ஷனோடாவது போகட்டுமே என்றுதான். கடைசியாக அப்படிப் போனவர் முருகையன். ஈரமனசு இப்படித் திரும்பி வந்து கடிக்கும் என்று யார் கண்டது?

பத்து மணிக்கு நிர்வாக அதிகாரி ஸ்ரீஹரி சேரனைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார். அந்த அறையில் அவன் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை.

“மூப்புல நீங்கதான் முதல் ஆள். அந்தக் கடிதமெல்லாம் அவங்கவங்க சொந்தக் காரணத்துக்காக எழுதினதுன்னு இதுல கையெழுத்துப் போடுங்க. உங்களுக்கு மட்டும் தனியா உத்தரவு போட்டுடலாம், அடுத்த மாசம் நீங்க மேற்பார்வையாளர்.”

“மத்தவங்க சார்?”

“மத்தவங்க கதையை கோர்ட் பாத்துக்கும். உண்மையைச் சொல்றேன்னு கிளம்பினீங்கன்னா, பொய்க் காரணம் எழுதினதை நீங்களே ஒத்துக்கிட்ட மாதிரி. குற்றக் குறிப்பாணை வரும். முருகையன் பென்ஷனையும் கிளற வேண்டியிருக்கும்.”

“நாளைக்குச் சொல்றேன் சார்,” என்று காகிதத்தை வாங்கி மடித்துக்கொண்டான் சேரன்.

ஆசை வந்தது. இல்லை என்பானேன்? தொட்டிப் படி இறங்கி ஏறித் தேய்ந்த முட்டி இரண்டும், போடு கையெழுத்தை என்றன.

மாலையில் மயிலாப்பூர்ச் சந்து ஒன்றில், சங்கத்தின் வக்கீல் தாரணியின் அறையில், சேரனையும் சேர்த்து, கடிதம் எழுதிய இருபத்துமூன்று பேர் நெருக்கியடித்து நின்றார்கள். ஸ்ரீஹரி சொன்னதை ஒன்றுவிடாமல் சேரன் சொன்னான். “ஏன் எழுதினீங்கன்னு எல்லாரும் பிரமாணப் பத்திரம் போட்டாதான் அந்தக் கடிதங்களுக்குப் பதில் சொல்ல முடியும்,” என்றாள் தாரணி. தங்கள் தலைக்கு வருவதை எல்லாரும் தாங்கிக்கொள்ளலாம். முருகையன் சோற்றில் எப்படி மண்ணைப் போடுவது?

அவரே வந்து நின்றார். பம்ப் ஆபரேட்டர் ஜானகி போனில் சொல்லியிருக்கிறாள். பெரும்பாக்கத்திலிருந்து இரண்டு பஸ் மாறி வந்திருந்தார்.

“இன்னா சேரா, என்னை வுட்டுட்டு கூட்டம் போடுறீங்களா?”

“உன் பென்ஷன்ல கை வெப்பானுங்க நைனா.”

“வெக்கட்டும். பதினோரு வருசம் தினக்கூலியா குழில எறங்கிக்கினு இருந்தேன். அத்த ஒருத்தனும் எழுதல. நீங்க எனக்கு வழிவுட்டதாச்சும் பேப்பர்ல ஏறட்டும். என் பேரை மொதல்ல போடுமா.”

முருகையனுக்கு அடுத்து சேரன் கையெழுத்துப் போட்டான். பிறகு ஜானகி, பிறகு மற்றவர்கள். நேரடி நியமனத்துக்குரிய நாலில் ஒரு பங்கு, வேலைக்குக் காத்திருக்கும் வெளிப் பிள்ளைகளுக்கே சேர வேண்டும் என்றும் பத்திரத்தில் தாரணியை எழுதவைத்திருந்தார்கள். வழக்கு வியாழக்கிழமை. என்ன தீர்ப்பு வரும் என்று தாரணிக்கே தெரியாது.

மறுநாள் ஸ்ரீஹரியின் மேஜையில் அந்தக் காகிதத்தைக் கையெழுத்துப் போடாமலே வைத்தான் சேரன்.

“யோசிச்சுதான் செய்றீங்களா? குறிப்பாணை அடிக்கச் சொல்லிடுவேன்.”

வாசலை அடைத்து நின்றவர்களின் முன்னால் ஜானகி இருந்தாள்.

“இருபத்துநாலா அடிக்கச் சொல்லுங்க சார். முருகையனும் வந்துகீறாரு.”