முயல்கறி கிடந்த அடுக்கு

உரத்தொட்டியின் மூடியைத் திறந்ததும் வாடை முகத்தில் அறைந்தது. காய்கறித் தோல் மக்கினால் மழை பெய்த மண் மாதிரி மணக்கும். இது பிணநாற்றம். பலகை இடுக்கெல்லாம் புழு நெளிந்தது.

"மாமிசம்! யாரோ மாமிசம் போட்டிருக்காங்க," என்றார் ஹெர்விக். எங்கள் தெரு உரத்தொட்டிகளுக்குப் பொறுப்பாளர். யாரோ என்றவரின் கண் என் அம்மா மேல்தான் இருந்தது.

கென்ட் நகரத்தில் எங்கள் தெருவுக்கு ஒரு பக்கம் சொந்த வீடுகள். எதிர்ப்பக்கம் நகராட்சியின் வாடகைக் குடியிருப்பு. அந்தக் குடியிருப்பில் தொட்டிச் சாவி வைத்திருந்தவள் அம்மா மட்டும். ஆறு வருடமாக உருளைக்கிழங்குத் தோலைச் சுமந்து வந்து கொட்டுகிறாள். வசந்தத்தில் கிடைக்கும் உரத்தில் பால்கனியில் தக்காளி வளர்க்கிறாள். மூன்று நாள் முன்பு, தொட்டி நாறத் தொடங்கியதுமே, ஹெர்விக் படியேறி வந்து அந்தச் சாவியை வாங்கிப் போய்விட்டார். அம்மாவோ, "மன்னிச்சுக்குங்க" என்றபடி அதைக் கொடுத்திருக்கிறாள். செய்யாத தப்புக்கு மன்னிப்பு! இந்த நாற்றத்தைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம், அதைப் பொறுக்க முடியவில்லை.

மாதத்தின் முதல் சனிக்கிழமை தெருவே கூடி முதல் தொட்டியில் சேர்ந்த குவியலை இரண்டாவதற்கு மாற்றும். பிறகு காப்பி, கேக். இன்று பத்துப் பேர் மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றார்கள்.

"எதைப் போடணும்னு படம் போட்டு ஒட்டினாலும் அந்தப் பக்கத்து ஆளுங்களுக்குப் புரியாது," என்றாள் சபீன், கேக் தட்டை ஏந்தியபடி.

"நான் இங்கதான் நிக்கறேன் சபீன். காது நல்லாவே கேக்குது."

"உன்னைச் சொல்லலை சில்கே. நீ படிச்ச பொண்ணு."

படித்ததை இங்கேயே காட்டிவிடலாம் என்று தோன்றியது. தொட்டியின் முன்பலகைகளை ஒவ்வொன்றாக உருவினேன். ஒவ்வொரு ஞாயிறும் ஹெர்விக் தன் கையால் மரச்சில்லு பரப்புவார். அதனால் குவியலில் வாரங்கள் கோடு கோடாகத் தெரியும். மேலிருந்து எண்ணினேன். முதல் மூன்று அடுக்கும் சுத்தம். நான்காவதில் உரம் கிளறும் முள்கரண்டியைக் குத்தி இழுத்தேன்.

வெள்ளைத் தட்டுகள் கட்டாக வந்தன. ஒன்றுகூட மக்கவில்லை. இடையிடையே பழுப்புக் கூழ், உலர்ந்த பிளம் பழம், எலும்பு. அதெல்லாம் புழுக்களால் அசைந்துகொண்டிருந்தது. யாரோ ஓங்கரித்தார்கள்.

"நாலு வாரத்துக்கு முன்னால என்ன நடந்துச்சு?" என்று கேட்டேன்.

சபீனின் கணவர் முனகினார். "தெரு விருந்து. முயல்கறி."

அம்மாவுக்கு அன்று ஆஸ்பத்திரியில் துப்புரவு வேலை. ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை. குப்பையே இல்லாத விருந்து என்று ஹெர்விக் பத்து நிமிஷம் பேசியதாகக் கேள்விப்பட்டிருந்தேன்.

"அது மக்குற தட்டு," என்றார் ஹெர்விக். "பொட்டலத்துல எழுதியிருந்துச்சு."

"உரம் தயாரிக்கிற ஆலைச் சூட்டுல மக்கும். உங்க பலகைப் பெட்டியில மக்காது. சரி, தட்டுதான் மக்கும்னு நினைச்சீங்க. அதுல இருந்த முயல்? எச்சிலை வழிச்சுப் போடக்கூட கை வரலையா?"

"காப்பி ஆறுது," என்றாள் சபீன்.

அவ்வளவுதான். ஒருவரும் அம்மா முகத்தைப் பார்க்கவில்லை. அவளோ வெறுங்கையால் தட்டுகளைப் பொறுக்கக் குனிந்தாள். முழங்கையைப் பிடித்து நிறுத்தினேன்.

"தொடாதம்மா. போட்டவர் எடுக்கட்டும்."

ஹெர்விக் எடுத்தார். கையுறையிலிருந்து கூழ் வழிந்தது. ஏழாவது தட்டில் திரும்பி நின்று வாந்தி எடுத்தார். எனக்குத் துளி இரக்கம் வரவில்லை. எல்லாவற்றையும் சாக்கில் கட்டியபின், அதே கையுறையோடு பைக்குள் துழாவி அம்மாவிடம் சாவியை நீட்டினார்.

"சரி நடீன், வச்சுக்குங்க. விஷயம் முடிஞ்சுது."

சாவி வளையத்தில் ஒரு புழு தொங்கியது. அம்மா அதைப் பார்த்தாள். கோட்டுப் பைக்குள் இருந்த கைகளை அவள் வெளியே எடுக்கவில்லை.

"கழுவிட்டுக் கொண்டாங்க," என்றாள். "மூணாம் மாடி. பெல் அடிங்க."