எதிர்வட்டக் கும்மி

அக்டோபர் பதினெட்டு, சனிக்கிழமை. காலையில் தூறிய மழை ஓய்ந்து, பிற்பகலில் வெயில் பளிச்சென்று அடித்தது.

பேருந்து ஓட்டும் சீருடையைப் பையில் திணித்துவிட்டு, பள்ளி அரங்கின் பின்னறையில் அவள் புடவைக் கொசுவத்தைச் செருகினாள். கால்கள் ஓரிடத்தில் நிற்க மறுத்தன. புலம்பெயர்ந்து வந்த பத்தொன்பது ஆண்டுகளில் எத்தனையோ தமிழ் விழாக்களில் நாற்காலி அடுக்கியிருக்கிறாள், தேநீர் ஊற்றியிருக்கிறாள், மேடையேறி ஆடியதில்லை. ஞாயிறுதோறும் மற்ற ஏழு பெண்களும் கூடிக் கும்மி பழகியபோது அவளுக்குப் பணி. அண்ணி தன்னைத்தானே கைபேசியில் படமெடுத்து அனுப்ப, அதைப் பார்த்தே ஆறு வாரங்கள் பணிமனை ஓய்வறையில் ஆடிப் பழகியிருந்தாள்.

மேடையேற இருபது நிமிடங்கள் இருந்தன. நடைவழியில் எட்டுப் பேரும் முதன்முறையாக ஒன்றாக ஆடிப் பார்த்தார்கள். முதல் தட்டுக்கு ஏழு பேர் வலப்புறம் நகர, அவள் இடப்புறம் நகர்ந்து அண்ணியின்மேல் மோதினாள்.

"ஏன்டி, ஒன்வேயில எதிர்ல வர்றே? உனக்கு யாருடி லைசென்ஸ் குடுத்தா?"

கைபேசியைப் பார்த்த பிறகே விளங்கியது. அது படத்தை ஏற்கெனவே கண்ணாடிபோல் திருப்பியிருந்தது. எதிரே நிற்பவரின் இடம் தனக்கு வலம் என்று நினைத்து, அவள் அதை மனத்துக்குள் இன்னொரு முறை திருப்பியிருந்தாள். மும்முறை மாற்றி ஆடிப் பார்த்தாள். கால்கள் மறுபடியும் இடப்புறமே ஓடின.

"இன்னிக்கு நீ பாட மட்டும் செய்," என்றாள் அண்ணி, மெல்ல. "அடுத்த வருஷம் ஆடிக்கலாம்."

"அடுத்த வருஷமும் ஞாயித்துக்கிழமை எனக்கு டூட்டிதான் அண்ணி."

அவள் வளையல்களை மேலேற்றிக்கொண்டாள்.

"வட்டத்துக்கு நடுவுல காலியாத்தானே இருக்கு. நான் உள்ள சுத்துறேன்."

"தனியாவா?"

"அறுபது பேரை ஏத்திக்கிட்டு தனியாத்தான் வண்டி ஓட்டுறேன்."

திரை விலகியது. வெளியே எழுவர் வலம் போக, உள்ளே ஒருத்தி இடம் போனாள். ஒவ்வொரு சுற்றிலும் ஏழு முகங்களும் அவளை எதிர்கொண்டு வந்தன. எதிர்ப்பட்டவர்கள், யாரும் சொல்லாமலே, அவள் கையில் தட்டிவிட்டுப் போனார்கள். அரங்கில் இருந்தவர்களும் தாளம் போடத் தொடங்கினார்கள். பாட்டு வேகமெடுத்தது. மூன்றாம் சரணத்தில் அண்ணி வெளிவட்டத்தை விட்டு உள்ளே குதித்து, அவள் முதுகுக்குப் பின்னால் இடப்புறமாக ஆடத் தொடங்கினாள். கால் பின்னியது. முந்தானையை வாயில் கவ்வி, சிரிப்பை அடக்கிக்கொண்டு, நாத்தனாரின் குதிகால்களையே பார்த்தபடி தட்டுத்தடுமாறித் தொடர்ந்தாள். கும்மி முடிந்தபோது மணி நான்கு பதினேழு.